மகரக்கட்டும் இத்தாலிய இசையரங்கும்

புதுச்சேரிப் பெரிய மார்க்கெட்டிற்கு வடக்கே, கருவடிக்குப்பத்தில், சங்கரதாசு சுவாமிகளின் (1867–1922) அடக்கவிடம் உளது. சுவாமிகள் 1918-இல் மதுரையில் நிறுவிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபையில் பெண் வேடத்தையும் சிறுவரே தாங்கினர். அச்சிறுவர் அஞ்சியது ஒன்றே. அதனை நாடக மேடையார் மகரக்கட்டு என்பர். பருவம் எய்துங்கால் குரல்வளை பருக்க, நேற்றுவரை மேல்நிலைச் சுரங்களை எளிதிற் பற்றிய மிடறு பிளவுபட்டுக் கரகரத்தலே அது. மகரக்கட்டுற்றவன் பெண் வேடம் நீங்கி ஆண் வேடம் புனைவான். அன்றிக் குரல் சீர்ப்படுங்காறும் காத்திருப்பான்.

இம்மகரக்கட்டு வாராமலே தடுக்க முற்பட்டனர் இத்தாலியர். உரோமைத் திருக்கோயில்களிற் பெண்டிர் பாடுதல் விலக்கப்பட்டிருந்தது. பலகுரலிசையோ உச்சக் குரலை வேண்டிற்று. எனவே பதினாறாம் நூற்றாண்டில், பருவம் எய்தாச் சிறுவரின் விதை நீக்கும் வழக்கம் புகுந்தது. ஆண்மைச் சுரப்பு அற்றமையின் குரல்நாண் குறுகியே நிற்கும். மார்புக்கூடோ வளர்ந்து விரியும். சிறுவன் குரலும் ஆடவன் மூச்சும் ஓருடலில் அமைந்த விந்தை இது. 1589-இல் போப்பாண்டவர் ஐந்தாம் சிக்ஸ்துஸ் புனித பேதுரு பேராலயப் பாடற்குழுவில் இன்னோர்க்கு இடமளித்தார். ஆயின் உறுப்பறுத்தல் திருச்சபைச் சட்டப்படி குற்றம். ஆதலின், குதிரையினின்று வீழ்ந்தான், பன்றி கடித்தது எனக் காரணம் புனைவர். இவருட் பலர் வறியோர் மக்கள். புகழ் பெற்றோர் மிகச் சிலரே.

அச்சிலருள் தலையாயவர் பாரினெல்லி (1705–1782). 1737-இல் இசுபெயின் சென்ற அவர், உளநோயுற்ற மன்னன் ஐந்தாம் பிலிப்புக்கு இரவுதோறும் பாடினார். புதுச்சேரியில் ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பு எழுதிவந்த காலம் அது. பிள்ளையவர்கள் அறிந்த பிரெஞ்சுக்காரரின் தாய்நாடோ இவரைத் தன் இசைநாடகத் தலைவராக ஏற்கவில்லை. இயற்கையிலேயே உயர்ந்த ஆண்குரலையே அப்பாத்திரங்கட்கு விரும்பிற்று.

இப்பாடகரைப் 'பேடி' எனத் தமிழாக்குவாரும் உளர். அது பொருந்துவதாகத் தோன்றவில்லை. சிலம்பில் மாதவி ஆடிய பதினோராடலுள் ஒன்றாகிய பேடு, காமன் தானே புனைந்த கோலம். ஆடல் முடியக் களையப்படுவது. இத்தாலியச் சிறுவன்மேல் பிறர் செய்ததோ களைய ஒண்ணாதது. அவன் இசைவையும் எவரும் கேட்டிலர். 'குரல் காக்க விதை நீக்கப்பட்டோர்' என விரித்துரைத்தலே நேரிது.

1903-இல் போப்பாண்டவர் பத்தாம் பத்திநாதர், உச்சக் குரலைச் சிறுவரே பாடுக என விதித்தார். இம்மரபின் இறுதிப் பாடகருள் ஒருவரான அலெசாந்திரோ மொரெசுகியின் குரல் 1902, 1904 ஆம் ஆண்டுகளில் இசைத்தட்டிற் பதிவாயிற்று. அவர் 1922-இல் உரோமையில் இறந்தார். சுவாமிகள் புதுச்சேரியில் மறைந்ததும் அவ்வாண்டிலேயே.