தொலைக்காட்சியில் பட்டின் நிறம் மாறுவதேன்?



“கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய், தீர விசாரிப்பதே மெய்” என்று பெரியோர் சொல்லக் கேட்டிருக்கிறோம். இந்த வாக்கு நம் வீட்டுக் கூடத்தில் இருக்கும் தொலைக்காட்சிப் பெட்டிக்கும் நன்றாகப் பொருந்தும். ஒரே கல்யாண வீடியோவை இரண்டு வீடுகளில் போட்டுப் பாருங்கள். ஒரு வீட்டில் மணப்பெண்ணின் கூறைப்புடவை ஆழ்ந்த அரக்காகத் தெரியும். அடுத்த வீட்டில் அதே புடவை பளீரென்ற சிவப்பாகத் தெரியும். புடவையும் மாறவில்லை, வீடியோவும் மாறவில்லை. பின் மாறியது எது?

பெட்டிக்குள் இருக்கும் பட அமைப்புகளே மாறியவை. அவற்றுள் பலரும் அறியாமல் விட்டுவிடுவது ‘கேம் மோட்’ எனப்படும் விளையாட்டு அமைப்பு. அது எதற்காக உண்டாயிற்று, நிறத்தை எவ்வாறு மாற்றுகிறது, அதை எப்படி நீக்குவது என்பனவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

நிறமே பிழைப்பான ஊர்

காஞ்சிபுரத்தில் வாழும் நமக்கு நிறம் என்பது கண்ணுக்கு விருந்து மட்டும் அன்று. ஆயிரக்கணக்கான குடும்பங்களின் சோறும் அதுவே. நம் ஊர்ப் பட்டுக்கு 2005-06-ஆம் ஆண்டில் புவிசார் குறியீடு கிடைத்தது. அந்தப் பட்டின் நிறங்களுக்குத்தான் எத்தனை பெயர்கள்! அரக்கு, மாம்பழ மஞ்சள், கிளிப்பச்சை, கத்தரிப்பூ, வெங்காயச் சருகு என்று அடுக்கிக்கொண்டே போகலாம். மயில்கழுத்து என்பது பாவு ஒரு நிறமும் ஊடை வேறு நிறமுமாக நெய்வது. மடிப்பு அசையும்போது நீலமும் பச்சையும் மாறி மாறி மின்னும். ‘எம்.எஸ். நீலம்’ என்பது இசையரசி எம்.எஸ். சுப்புலட்சுமியின் பெயரையே பெற்ற, நள்ளிரவு வானம் போன்ற கருநீலம்.

2019-ஆம் ஆண்டு ஜூலை 1 முதல் 48 நாட்கள், நாற்பது ஆண்டுகளுக்கு ஒருமுறை நிகழும் அத்திவரதர் வைபவம் நம் ஊரில் நடைபெற்றது. நேரில் வர இயலாத முதியோர் தொலைக்காட்சியில் கண்டு மகிழ்ந்தனர். இன்று எந்த நிறப் பட்டு என்பது அந்நாட்களில் வீட்டுக்கு வீடு பேச்சாக இருந்தது. திரையில் தெரியும் நிறத்தை மக்கள் எவ்வளவு நம்புகின்றனர் என்பதற்கு இது ஒன்றே போதும்.

அடுத்த ஆண்டே கொரோனா பரவியது. 2020-இல் கடைகள் மூடப்பட்டபோது, புடவையை வீடியோ அழைப்பில் விரித்துக் காட்டி விற்கும் பழக்கம் பரவலாயிற்று. இன்றும் அது தொடர்கிறது. இப்போது ஒரு நிகழ்ச்சியைக் கற்பனை செய்து பார்ப்போம். வெளியூரில் ஒரு குடும்பம் மகளின் திருமணத்துக்குப் புடவை எடுக்கிறது. பாட்டி முதல் பேத்தி வரை எல்லோரும் பார்க்கவேண்டும் என்று மடிக்கணினியைக் கம்பி வழியே பெரிய தொலைக்காட்சியோடு இணைக்கிறார்கள். நேற்று வரை அதே துளையில்தான் தம்பியின் விளையாட்டுக் கருவி செருகப்பட்டிருந்தது. விளையாட்டு அமைப்பு அப்படியே இருக்கிறது. எம்.எஸ். நீலம் சாதாரண நீலமாகத் தெரிகிறது. “இதுவே அழகாக இருக்கிறது” என்று பாட்டி சொல்ல, பணமும் அனுப்பியாயிற்று. புடவை வந்ததும், “நாங்கள் பார்த்த நிறம் இது அல்லவே!” என்கிறார்கள்.

தவறு யாருடையது? கடைக்காரர் பொய் சொல்லவில்லை. வாங்கியவரும் பொய் சொல்லவில்லை. ஆனாலும் புடவை திரும்பி வருகிறது. கோர்வைப் புடவை ஒன்று தறியில் முடிய இரண்டு மூன்று வாரங்கள்கூட ஆகலாம். அது விலை போகாமல் அலமாரியில் தங்கினால், நெய்தவருக்கு அடுத்த பாவு கிடைப்பதும் தாமதமாகும். ஒரு சிறு பொத்தானின் விளைவு எதுவரை செல்கிறது என்று பாருங்கள்.

விளையாட்டுக்கு ஏன் தனி ஏற்பாடு?

தொலைக்காட்சியில் விளையாடுவது புதிதன்று. 1972-இலேயே அமெரிக்காவில் ரால்ஃப் பேர் என்பவர் வடிவமைத்த ‘ஒடிசி’ என்னும் கருவி வீட்டுத் தொலைக்காட்சியோடு இணைக்கப்பட்டு விற்பனைக்கு வந்தது. நம் சென்னைக்குத் தொலைக்காட்சி நிலையம் 1975 ஆகஸ்டு 15-இல்தான் வந்தது. வண்ண ஒளிபரப்பு இந்தியாவில் 1982-இல் தொடங்கியது. அக்காலத்துக் குழாய்ப் பெட்டிகள், சைகை வரவர அதை அப்படியே திரையில் வரைந்தன. இடையில் காத்திருப்பு இல்லை. ஆகவே விளையாட்டுக்கென்று தனி அமைப்பும் அப்போது தேவைப்படவில்லை.

இன்றைய தட்டைத் திரைப் பெட்டிக்குள்ளே ஒரு சிறு கணிப்பொறி இருக்கிறது. அதை ஒரு சலவைக்காரருக்கு ஒப்பிடலாம். வந்த துணியை அவர் உடனே திருப்பித் தருவதில்லை. அழுக்குப் போக்கி, கஞ்சி போட்டு, பெட்டி போட்டு மடித்துத் தருகிறார். அதுபோல இக்கணிப்பொறியும் வரும் படத்தில் புள்ளி புள்ளியாகத் தெரியும் இரைச்சலை நீக்குகிறது, சிறிய படத்தைப் பெரிய திரைக்கு ஏற்றவாறு விரிக்கிறது, ஓரங்களைக் கூர்மையாக்குகிறது, இரு படங்களுக்கு நடுவே தானே ஒரு புதுப் படத்தை உண்டாக்கி அசைவை வழுவழுப்பாக்குகிறது. இத்தனையும் செய்யச் சில படங்களையாவது பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும்.

கணக்குப் போட்டுப் பார்ப்போம். விநாடிக்கு 60 படங்கள் வருகின்றன என்றால், ஒரு படத்துக்குரிய நேரம் ஏறக்குறைய 17 மில்லி விநாடி. ஆறு படங்களைப் பிடித்து வைத்தால் விநாடியில் பத்தில் ஒரு பங்கு தாமதம் ஆகிறது. செய்தி பார்ப்பவருக்கு இது தெரியவே தெரியாது. கிரிக்கெட் விளையாட்டு ஆடும் தம்பிக்கோ பெரிய இடைஞ்சல். மணிக்கு 140 கி.மீ. வேகத்தில் வரும் பந்து அந்த நேரத்தில் ஏறத்தாழ 4 மீட்டர் கடந்துவிடும். அவன் பொத்தானை அழுத்துவதற்கும் மட்டை அசைவதற்கும் இடையே ஆட்டமே முடிந்துவிடும்.

இதற்காகவே விளையாட்டு அமைப்பு உண்டாக்கப்பட்டது. “கஞ்சியும் வேண்டாம், பெட்டியும் வேண்டாம், துணியை உடனே கொடு” என்று சலவைக்காரரிடம் சொல்வது போன்றது அது. மெருகு வேலைகளிற் பெரும்பாலானவை விலக்கப்படுவதால் படம் விரைந்து வருகிறது.

வேகத்துக்கு நாம் கொடுக்கும் விலை

இந்த வேகம் இலவசமாக வருவதில்லை. முதலாவதாக, மெருகு குறைவதால் பழைய திரைப்படங்களும் தெளிவு குறைந்த அலைவரிசைகளும் புள்ளி புள்ளியாகத் தெரியலாம்.

இரண்டாவதாக, பல பெட்டிகளில் விளையாட்டு அமைப்போடு தனி வண்ணக் கலவையும் சேர்ந்தே வருகிறது. வெண்மை சற்று நீலம் சாய்ந்து குளிர்ச்சியாக இருக்கும். வண்ணங்கள் தூக்கலாக இருக்கும். விளையாட்டின் கற்பனை உலகுக்கு இது எடுப்பு. ஆனால் மாம்பழ மஞ்சளில் உள்ள இதமான சாயல் இதனால் வெளிறிப்போகும்.

மூன்றாவதாக, இருட்டில் ஒளிந்திருக்கும் எதிரி தெரியவேண்டும் என்பதற்காகச் சில பெட்டிகள் நிழற்பகுதிகளை வெளுப்பாக்கிக் காட்டுகின்றன. அரக்கு, எம்.எஸ். நீலம் போன்ற ஆழ்ந்த நிறங்கள் அழகு பெறுவதே அந்த இருளால்தான். இருளை எடுத்துவிட்டால் அரக்கு சிவப்பாகிறது. கருநீலம் வெறும் நீலமாகிறது.

இவை எல்லாப் பெட்டிகளிலும் ஒரே அளவில் இரா. சிலவற்றில் மாற்றம் மிகச் சிறிது. சிலவற்றில் கண்ணைப் பறிக்கும்.

கேளாமலே வருவது எப்படி?

“எங்கள் வீட்டில் யாரும் இதைத் தொடவே இல்லையே!” என்று சிலர் கேட்கலாம். அதற்கும் காரணம் உண்டு. 2017-இல் வெளியான எச்.டி.எம்.ஐ. 2.1 என்னும் இணைப்புத் தரத்தில் ‘ஆட்டோ லோ லேட்டன்சி மோட்’ என்று ஒரு வசதி சேர்க்கப்பட்டது. விளையாட்டுக் கருவி கம்பி வழியாகத் தொலைக்காட்சிக்கு ஒரு குறிப்பு அனுப்பும். அதைப் பெற்றதும் பெட்டி தானாகவே விளையாட்டு அமைப்புக்கு மாறிவிடும். ஆட்டம் முடிந்ததும் பழைய நிலைக்குத் திரும்ப வேண்டும். ஆனால் அதே கருவியில் திரைப்படம் பார்த்தால், சில சமயம் விளையாட்டு அமைப்பு நீங்காமலே நிற்கும்.

இன்னொன்றும் உண்டு. பெரும்பாலான பெட்டிகள் ஒவ்வோர் இணைப்புத் துளைக்கும் பட அமைப்பைத் தனித்தனியே நினைவில் வைத்துக்கொள்ளும். தம்பி ஒருமுறை கையால் மாற்றிவிட்டால், அந்தத் துளையில் பின்பு எதைச் செருகினாலும் அந்த அமைப்பே தொடரக்கூடும்.

நீக்கும் வழி

இதற்கு மெக்கானிக்கை அழைக்க வேண்டியதில்லை. ரிமோட் ஒன்றே போதும்.

1. எந்தத் துளையின் படத்தைச் சரிசெய்ய வேண்டுமோ, அந்த இணைப்பை முதலில் திரையில் கொண்டு வாருங்கள். எச்.டி.எம்.ஐ. 1-இல் செய்த மாற்றம் எச்.டி.எம்.ஐ. 2-க்குப் பொருந்தாமல் போகலாம்.

2. ரிமோட்டில் பற்சக்கரப் படம் உள்ள ‘செட்டிங்ஸ்’ பொத்தானை அழுத்தி, ‘பிக்சர்’, பிறகு ‘பிக்சர் மோட்’ என்ற இடத்துக்குச் செல்லுங்கள். அங்கே ‘கேம்’ என்றிருந்தால் ‘மூவி’, ‘சினிமா’ அல்லது ‘ஸ்டாண்டர்ட்’ என்று மாற்றுங்கள். சோனி, எல்.ஜி. பெட்டிகளில் பெரும்பாலும் இதுவே போதும். புதிய எல்.ஜி. பெட்டிகளில் அதன் பெயர் ‘கேம் ஆப்டிமைசர்’.

3. சாம்சங் பெட்டிகளில் அது வேறிடத்தில் இருக்கும். சற்றுப் பழையவற்றில் ‘ஜெனரல்’ பிரிவில் ‘எக்ஸ்டெர்னல் டிவைஸ் மானேஜர்’ என்பதன் கீழும், புதியவற்றில் ‘கனெக்ஷன்’ பிரிவிலும் ‘கேம் மோட்’ என்று தேடுங்கள். அதை ‘ஆஃப்’ செய்தால்தான் பிக்சர் மோடை மாற்ற முடியும்.

4. எழுத்துகள் மங்கி, மாற்ற முடியாமல் இருந்தால் விளையாட்டுக் கருவி இன்னும் குறிப்பு அனுப்பிக்கொண்டிருக்கிறது என்று கொள்ளலாம். அந்தக் கருவியை அணைத்துவிட்டு மறுபடி பாருங்கள். கருவியின் சொந்த அமைப்புகளிலும் இந்தத் தானியங்கி வசதியை நிறுத்த இயலும்.

5. பிறகு ‘கலர் டோன்’ அல்லது ‘கலர் டெம்பரேச்சர்’ என்பதை ‘வார்ம்’ என்று வையுங்கள். கூர்மையைக் குறையுங்கள். விளையாட்டு அமைப்பு நீங்கியதும், அசைவை வழுவழுப்பாக்கும் வேலை திரும்ப வந்து திரைப்படங்கள் நாடகம் போலத் தோன்றலாம். அப்போது ‘மோஷன்’ என்ற சொல் உள்ள அமைப்பைத் தேடி அதையும் நிறுத்திவிடலாம்.

வாசல் வெளிச்சம்

‘வார்ம்’ என்று வைத்ததும், “ஐயோ, படமே மஞ்சளடித்துவிட்டதே!” என்று தோன்றும். அஞ்ச வேண்டாம். நீல வெண்மைக்குப் பழகிய கண்ணுக்கு முதலில் அப்படித்தான் இருக்கும். இரண்டொரு நாள் பொறுத்தால் பழகிவிடும்.

இதில் ஓர் அழகான உண்மை பொதிந்துள்ளது. நம் தாய்மார் கடையில் பட்டு எடுக்கும்போது என்ன செய்கிறார்கள்? குழல்விளக்கின் வெளிச்சத்தை நம்பாமல், புடவையை வாசலுக்கு எடுத்துச் சென்று பகல் வெளிச்சத்தில் விரித்துப் பார்க்கிறார்கள். விஞ்ஞானிகளும் அதையேதான் செய்தார்கள். சர்வதேச ஒளியியல் குழு பகல் வெளிச்சத்துக்கு ‘டி65’ என்று ஓர் அளவு வகுத்தது. அதன் வண்ண வெப்பநிலை சுமார் 6,500 கெல்வின். 1990-இல் வகுக்கப்பட்ட உயர்தெளிவுத் தொலைக்காட்சித் தரமும் அந்த வெண்மையையே தன் வெண்மையாகக் கொண்டது. பல பெட்டிகளில் ‘மூவி’ அமைப்பும் ‘வார்ம்’ சாயலும் இதற்கு நெருங்கி வருகின்றன. 2019-இல் அறிவிக்கப்பட்ட ‘ஃபிலிம்மேக்கர் மோட்’ இந்த வெண்மையையே பின்பற்றுகிறது. எனவே விளையாட்டு அமைப்பை நீக்குவது, புடவையை வாசலுக்கு எடுத்துச் செல்வது போன்றது என்று நினைவில் வையுங்கள்.

சோதித்துப் பார்க்க ஒரு வழி. வீட்டிலுள்ள பட்டுப்புடவை ஒன்றைப் பகல் வெளிச்சத்தில் செல்போனில் படமெடுத்து, சரிசெய்த இணைப்பின் வழியே திரையில் போட்டு, புடவையைப் பக்கத்தில் பிடித்து ஒப்பிடுங்கள். முற்றிலும் ஒன்றாக இராது. கடையின் விளக்கு, செல்போனின் கேமரா, நம் திரை ஆகிய மூன்று வாசல்களைத் தாண்டித்தான் நிறம் நம்மிடம் வருகிறது. முதல் இரண்டு நம் கையில் இல்லை. மூன்றாவது நம் கையில் இருக்கிறது. ஆகவே விலையுயர்ந்த பட்டை எடுக்குமுன் நிறத்தின் பெயரையும் கேட்டறிந்து, பகல் வெளிச்சத்தில் ஒருமுறை காட்டச் சொல்வது நலம்.

தம்பியின் மீது கோபம் வேண்டாம். விளையாட்டுக்கு வேகம் தேவை. அவன் ஆடும்போது அந்த அமைப்பு இருக்கட்டும். அவனுக்கென்று ஒரு துளையை ஒதுக்கிவிட்டால் வீட்டில் சண்டையும் வராது.

தோழியரே! யந்திரங்கள் நமக்காகப் பல முடிவுகளைச் செய்கின்றன. அவை என்ன செய்கின்றன என்று அறிந்து, வேண்டியபோது வைத்துக்கொண்டு வேண்டாதபோது நீக்கத் தெரிந்தவளே அவற்றுக்கு எஜமானி. இன்று மாலை வீட்டுக்குச் சென்றதும் ரிமோட்டைக் கையிலெடுங்கள். ‘பிக்சர் மோட்’ என்னவென்று பாருங்கள். அண்டை வீட்டாருக்கும் சொல்லிக் கொடுங்கள். தறியில் இரவு பகலாய் உழைத்து ஒருவர் நெய்த நிறம், நெய்த நிறமாகவே நம் கண்ணில் படட்டும்.