ஒரு கடுகின் எடை

வடக்கே பூவத்திலும் தெற்கே வாஞ்சூரிலும் சோதனைச் சாவடிகளைப் பார்த்து வளர்ந்த காரைக்கால் பிள்ளைக்கு, எல்லைக்கோட்டைத் தாண்டினால் சட்டமும் மாறிவிடும் என்ற எண்ணம் இளமையிலேயே படிந்துவிடுவது இயல்பு. 1954 நவம்பர் 1 வரை பிரெஞ்சு ஆதிக்கத்தில் இருந்து, பின்பு புதுச்சேரியைச் சேர்ந்த பிரதேசமாகவே நிலைத்துவிட்ட இவ்வூரில் மதுவுக்கு ஒரு சட்டமும், சாவடிக்கு அப்பால் வேறொரு சட்டமும் நடப்பதை அவன் நித்தம் காண்கிறான். அந்த எண்ணத்தோடு, எல்.எஸ்.டி. தடவிய 'போதை ஸ்டாம்பு' ஒன்றைச் சட்டைப்பையில் வைத்துக்கொள்ளும் வாலிபனை நினைத்தே இதை எழுதுகிறேன்.

கம்பு பயிரிடும் குடியானவர்கள் தேன் ஒழுகல் நோயை அறிவார்கள். கதிரில் பிசுபிசுத்த திரவம் கசிந்து, மணி இருக்கவேண்டிய இடத்தில் கறுத்த பூஞ்சைக்கட்டி எழும். அப்பூஞ்சைக்கு உறவான மற்றொன்று, ஐரோப்பாவின் ரை தானியத்தைப் பற்றுவது; அதன் நச்சுப்பொருள்களுக்கு மூலமான லைசர்ஜிக் அமிலத்திலிருந்து, பேசல் நகரத்துச் சாண்டோஸ் கம்பெனியின் இரசாயன நிபுணர் ஆல்பர்ட் ஹாஃப்மன் 1938-இல் ஆக்கியதே எல்.எஸ்.டி. 1943 ஏப்ரல் 19 அன்று அற்ப அளவென்று கருதி அவர் உட்கொண்ட 0.25 மில்லிகிராம், சைக்கிளில் வீடு திரும்புவதற்குள் அவர் சித்தத்தையே கலக்கிவிட்டது. மூளையின் செரட்டோனினுக்கும் இதற்கும் இண்டோல் வளையம் பொதுவாதலால், செரட்டோனினுக்குரிய ஏற்பியில் இது சென்று அமர்கிறது. அமர்ந்தபின் ஏற்பியின் ஒரு பகுதி மூடிபோல் மேலே கவிந்துகொள்வதால், எளிதில் வெளியேறுவதுமில்லை.

மதுச்சட்டம்போல் எல்.எஸ்.டி.க்கான சட்டம் மாநிலத்துக்கு மாநிலம் மாறுவதன்று. 1985-ஆம் ஆண்டின் போதைப்பொருள் தடுப்புச் சட்டம் பூவத்துக்கு இருபுறமும் ஒன்றே. 2001-ஆம் ஆண்டின் அறிவிக்கைப்படி எல்.எஸ்.டி.க்குச் 'சிறிய அளவு' 0.002 கிராம், அதாவது சிறு கடுகு ஒன்றின் எடை, 0.1 கிராமை மிஞ்சினால் 'வணிக அளவு', 10 முதல் 20 ஆண்டு வரை கடுங்காவல். கலப்படப் பொருளின் எடையையும் சேர்த்தே நிறுக்கவேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2020-இல் தீர்ப்பளிக்க, எல்.எஸ்.டி. தோய்ந்த காகிதத்துக்கும் அதுவே விதியென்று பம்பாய் உயர் நீதிமன்றம் 2022-இல் கூறிற்று. காகிதத்தின் கனத்தைக் குற்றத்தின் கனமாகக் கொள்வது நியாயமன்று என்பது என் திடமான அபிப்பிராயம்.

தானாக முன்வந்து சிகிச்சை பெறும் அடிமைப்பட்டவனை, சிறிய அளவு வைத்திருந்த குற்றத்திலிருந்து விடுவிக்கும் கருணை அச்சட்டத்தின் 64-ஏ பிரிவில் உண்டு. ஆனால் ஸ்டாம்பு ஒன்றின் காகிதம் 10 மில்லிகிராம் என்று கொண்டாலும், ஒரேயொரு சதுரம் அந்தச் சிறிய அளவைப்போல் ஐந்து மடங்கு ஆகிவிடுகிறது.