ஆங்கில நாவலும் ஸ்திரீகளும்

நமது கலாசாலைகளில் ஆங்கில இலக்கியம் பயின்றோருக்கு அந்நாட்டு நாவலின் சரித்திரம் ஒரு வம்சாவளியாகவே கற்பிக்கப்பட்டு வந்திருக்கிறது. டானியல் டீபோ அதைத் தோற்றுவித்தார். ரிச்சர்ட்ஸனும் பீல்டிங்கும் வளர்த்தனர். ஸ்காட், டிக்கன்ஸ், தாக்கரே ஆகியோர் அரியணை ஏற்றினர். நடுவே ஜேன் ஆஸ்டின், பிராண்டி சகோதரிகள், ஜார்ஜ் எலியட் என்று சில ஸ்திரீகளின் பெயர்கள் வரும். புருஷர் கட்டிய மாளிகைக்குள் ஸ்திரீகள் காலந்தாழ்த்து வந்து ஓர் அறையைப் பெற்றனர் என்பதும், நாகரிகம் முதிர முதிர அவர்களுக்குரிய இடமும் விரிந்துகொண்டே வந்தது என்பதும் மாணாக்கன் இதிலிருந்து கொள்ளும் முடிவுகள். இரண்டும் பிழை. முதலாவது பிழையென்பதை அறிஞர் பலர் முன்னரே எடுத்துக் காட்டியுள்ளனர். இரண்டாவதும் பிழையென்பது அண்மைக் காலத்தில்தான் கணக்குடன் தெளிவாயிற்று. அதுவே அரசியல் வாழ்வில் ஈடுபட்டோர் ஊன்றிக் கவனிக்கத்தக்கது.

டீபோவின் 'ராபின்ஸன் குரூஸோ' வெளிவந்தது 1719-ம் வருஷத்தில். அதே வருஷத்தில் எலைசா ஹேவுட் என்ற மாது 'லவ் இன் எக்ஸெஸ்' என்னும் நாவலின் முதற் பாகத்தை வெளியிட்டார். அதுவும் பல பதிப்புகள் கண்டு, அக்காலத்தில் மிகுதியாக வாசிக்கப்பட்ட கதைகளுள் ஒன்றாக விளங்கிற்று. அதற்கும் முப்பது வருஷங்களுக்கு முன்னர், 1688-ல், ஆப்ரா பென் என்பவர், ஆப்பிரிக்க அரசகுமாரன் ஒருவன் வஞ்சகமாய்ப் பிடிக்கப்பட்டுச் சூரினாம் தேசத்தில் அடிமையாக விற்கப்பட்ட கதையை 'ஓருனோகோ' என்ற பெயரில் எழுதினார். இவ்வம்மையார் 1666-ல் இரண்டாம் சார்லஸ் மன்னனுக்காக ஆண்ட்வெர்ப் நகரில் ஒற்று வேலை பார்த்தவர். அரசாங்கம் பணம் அனுப்பாது கைவிடவே கடனில் மூழ்கி, பின்னர் பேனாவைக் கொண்டே ஜீவனம் நடத்தியவர். 1689-ல் காலமானபோது வெஸ்ட்மினிஸ்டர் ஆலயத்தில் அடக்கம் செய்யப்பட்டார். ஆலயத்தில் கிடைத்த இடம் இலக்கிய சரித்திரத்தில் அவருக்கு வெகுகாலம் கிடைக்கவில்லை.

ஹேவுடை அலெக்ஸாண்டர் போப் 1728-ல் தமது 'டன்ஸியட்' என்ற வசைக் காவியத்தில் இழித்துப் பாடினார். எழுத்தைக் காட்டிலும் ஒழுக்கத்தைத் தூற்றியதே அதில் அதிகம். ஸ்திரீ ஒருத்தியின் புஸ்தகத்தை மறுக்க இதைவிடச் சுலபமான வழி அன்றும் இல்லை, பின்னரும் இருந்ததில்லை. 1957-ல் இயன் வாட் என்ற பேராசிரியர் ஆங்கில நாவலின் தோற்றத்தைப் பற்றிப் புகழ்பெற்ற ஆராய்ச்சி நூல் ஒன்றை வெளியிட்டார். பதினெட்டாம் நூற்றாண்டு நாவல்களில் பெரும்பான்மை ஸ்திரீகள் எழுதியவையே என்று அதில் அவரே ஒப்புக்கொள்கிறார். ஆயினும் அவர் விரித்துரைப்பதெல்லாம் டீபோ, ரிச்சர்ட்ஸன், பீல்டிங் என்ற மூன்று ஆண்மக்களைப் பற்றியே! பெரும்பான்மை வெறும் எண்ணிக்கையாகவும், சிறுபான்மை சரித்திரமாகவும் ஆகிவிடும் விந்தையை நம்மவர் வேறு இடங்களிலும் கண்டிருப்பார்கள்.

இத்தனை ஸ்திரீகள் நாவல் எழுத முடிந்தது எவ்வாறு? காவியம், சரித்திரம், பிரசங்கம், தத்துவம் இவையே கற்றோர் மதித்த துறைகள். கிரேக்கமும் லத்தீனும் பயிலாதவர் அவற்றில் நுழையலாகாது. அப்பாஷைகளைக் கற்பித்த சர்வகலாசாலைகளோ ஸ்திரீகளை அனுமதிக்கவில்லை. நாவல் அங்ஙனமன்று. வாடகை நூல்நிலையங்களில் தவணை முறையில் இரவல் போகும் சரக்கு அது. கௌரவம் இல்லாத இடத்தில் காவலும் இல்லை.

காவல் இல்லையெனினும் நாணம் இருந்தது. பானி பர்னி என்ற பெண், தாம் எழுதியவற்றையெல்லாம் 1767-ல், தமது பதினைந்தாவது பிறந்த நாளன்று தீயிலிட்டார். எழுதும் ஆசை மட்டும் எரியவில்லை. 'எவலீனா' என்ற நாவலைத் தந்தைக்குத் தெரியாமல் எழுதி, கையெழுத்தை அடையாளம் கண்டுகொள்வரோ என்று அஞ்சி மாற்றிய எழுத்தில் பிரதி செய்து, சகோதரனை மாறுவேஷத்தில் பிரசுரகர்த்தரிடம் அனுப்பினார். கிடைத்த தொகை இருபது கினி. 1778-ல் அது பெயரின்றி வெளியாகி, டாக்டர் ஜான்ஸனே மெச்சும்படி ஆயிற்று. ஆசிரியை யாரென்று வெளிப்பட்ட மறுவருஷம் அவர் நாடகம் ஒன்று எழுதினார். அது மேடையேறலாகாதென்று தந்தையாரே தடுத்துவிட்டார். பெயர் மறைந்திருந்தவரை பேனாவுக்கு இருந்த சுதந்திரம் பெயர் தெரிந்ததும் போயிற்று என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும்.

ஜேன் ஆஸ்டின் அம்மையாரின் கணக்கு வழக்கு இன்னும் தெளிவானது. 1803-ல் அவருடைய நாவல் ஒன்றை லண்டன் பிரசுரகர்த்தர் ஒருவர் பத்துப் பவுனுக்கு வாங்கி, அச்சிடாமலே பெட்டியில் போட்டு வைத்தார். 1809-ல் அம்மையார் புனைபெயர் ஒன்றில் கடிதம் எழுதிக் கேட்டபோது, பத்துப் பவுனைத் திருப்பிக் கொடுத்தால் பிரதியைப் பெற்றுக்கொள்ளலாம் என்று பதில் வந்தது. அந்தப் பத்துப் பவுனைக் கொடுத்து அதை மீட்டது 1816-ல்தான். இடையே 1811-ல் 'ஸென்ஸ் அண்டு ஸென்ஸிபிலிடி' தம் சொந்தப் பொறுப்பில் வெளியாயிற்று. முகப்பில் ஆசிரியர் பெயருக்குப் பதிலாக 'ஒரு சீமாட்டி' என்ற பொருள்படும் சொற்களே இருந்தன. உலகமெங்கும் இன்றும் விற்பனையாகும் 'பிரைடு அண்டு பிரெஜுடிஸ்' நூலின் உரிமையை அவர் 110 பவுனுக்கு விற்றுவிட்டார்; கேட்டது 150. 1817-ல் காலமானபோது வின்செஸ்டர் ஆலயத்தில் பதித்த கல்லில் அவர் குணநலன்கள் பொறிக்கப்பட்டன. நாவல் எழுதினார் என்ற சொல் அதில் இல்லை. இருநூறு வருஷங்கள் கழித்து, 2017-ல், இங்கிலாந்து பாங்கி அவர் உருவத்தை நோட்டில் அச்சிட்டது. அதுவும் பத்துப் பவுன் நோட்டே.

ஆஸ்டின் மணம் புரியாதவர். ஆகவே சம்பாதித்த சொற்பமாவது அவருடையதாயிற்று. மணமான மாதுக்கு அதுவும் இல்லை. கணவனும் மனைவியும் சட்டத்தின் முன் ஒருவரே, அவ்வொருவர் கணவரே என்பது அக்கால ஆங்கில நியாயம். எலிஸபெத் காஸ்கெல் அம்மையார் எழுதிய கதைக்கு டிக்கன்ஸின் பத்திரிகையிலிருந்து இருபது பவுன் வந்தது. கணவர் அதை அமைதியாகத் தம் சட்டைப்பையில் இட்டுப் பொத்தானையும் மாட்டிக்கொண்டார் என்று அம்மையாரே கடிதம் ஒன்றில் எழுதுகிறார். அவர் நல்ல கணவர் என்பதையும் சொல்லிவிட வேண்டும். கெட்ட கணவனிடம் அகப்பட்டவர் கரோலின் நார்ட்டன். பிரிந்து வாழ்ந்த பின்னும் அவரது எழுத்தின் ஊதியம் தனதென்று கணவன் உரிமை கொண்டாடினான், குழந்தைகளையும் அபகரித்தான். அவ்வம்மையார் விடாது நடத்திய கிளர்ச்சியின் பயனாக 1839-ல் குழந்தைகள் பராமரிப்புச் சட்டம் பிறந்தது. கொடிய கணவனை விட்டு மகனுடன் ஓடிச் சித்திரம் தீட்டிப் பிழைக்கும் ஒரு மாதின் கதையை ஆன் பிராண்டி 1848-ல் 'வைல்டுபெல் ஹால்' நாவலில் எழுதியபோது, அக்கதாநாயகி தீட்டிய சித்திரமும் பெற்ற மகனும் சட்டப்படி கணவனின் உடைமைகள் என்பதை அன்றைய வாசகர் அறிவர். 1856-ல் மணமான ஸ்திரீகளின் சொத்துரிமை கோரிப் பார்லிமெண்டுக்குச் சென்ற மனுவில் காஸ்கெல், ஹாரியட் மார்ட்டினோ, எலிஸபெத் பிரௌனிங் முதலிய எழுத்தாளர்கள் கையொப்பமிட்டனர். சம்பாத்தியம் மனைவிக்கே உரியதென்று 1870-ம் வருஷச் சட்டமும், சொத்தனைத்தும் அவளுடையதே என்று 1882-ம் வருஷச் சட்டமும் ஏற்றுக்கொண்டன.

பெயர் மறைத்தலின் உச்சம் இந்தக் காலத்தில்தான். இலக்கியம் ஒரு ஸ்திரீயின் வாழ்க்கைத் தொழிலாக இருத்தலாகாது என்று 1837-ல் ஆஸ்தான கவி ஸதே ஓர் இளம் பெண்ணுக்கு உபதேசம் எழுதியனுப்பினார். அப்பெண் ஷார்லட் பிராண்டி. சகோதரிகள் மூவரும் ஆணா பெண்ணா என்று விளங்காத 'பெல்' என்ற குடும்பப் பெயரைப் புனைந்துகொண்டனர். 1846-ல் கைப்பணம் போட்டு வெளியிட்ட கவிதைத் தொகுதி முதல் வருஷத்தில் விற்றது இரண்டு பிரதிகள். மறுவருஷம் 'ஜேன் அயர்' வெளிவந்தது. லண்டன் முழுவதும் ஆசிரியர் ஆணா பெண்ணா என்பதே பேச்சாயிற்று. இதை எழுதியவர் ஸ்திரீயாயின் தம் இனத்தாரின் சகவாசத்தை இழந்தவராகவே இருக்கவேண்டும் என்று 'குவார்ட்டர்லி' பத்திரிகையின் விமர்சகர் தீர்ப்பளித்தார். பெயரில்லாமல் எழுதிய அவ்விமர்சகரும் ஒரு மாதே! மேரி ஆன் ஈவன்ஸ் அம்மையாரோ ஜார்ஜ் எலியட் என்று முழு ஆண் பெயரையே வைத்துக்கொண்டார். 1859-ல் 'ஆடம் பீடு' பெரும் புகழ் பெற்றபோது, அவர் பிறந்த பிரதேசத்தைச் சேர்ந்த லிகின்ஸ் என்ற ஓர் ஆடவரே அதை எழுதியவர் என்று பலர் நம்பினர். அவருக்காக நிதி திரட்டவும் முற்பட்டனர். உண்மை ஆசிரியை தம்மை வெளிப்படுத்திக்கொள்ள நேர்ந்தது இவ்வாறுதான்.

இங்கே நிறுத்திவிட்டால், இருளிலிருந்து ஒளிக்கு வந்த கதையாக முடிந்துவிடும். அங்ஙனம் முடியவில்லை. டெட் அண்டர்வுட், டேவிட் பாம்மன், ஸப்ரீனா லீ என்ற மூன்று அமெரிக்க ஆராய்ச்சியாளர்கள் 2018-ல் ஒரு கணக்கை வெளியிட்டனர். சர்வகலாசாலை நூல்நிலையங்களில் சேர்ந்துள்ள ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட ஆங்கிலப் புனைகதைகளைக் கணக்கிடும் யந்திரங்களின் உதவியால் அவர்கள் ஆராய்ந்தார்கள். 1850-ஐ ஒட்டிய காலத்தில் ஏறக்குறையப் பாதி ஸ்திரீகள் எழுதியவை. அதன் பின்னர் அப்பங்கு குறைந்துகொண்டே வந்து, 1950-ஐ ஒட்டிய காலத்தில் நாலில் ஒன்றளவுக்குத் தாழ்ந்துவிட்டது. நூல்நிலையங்கள் ஸ்திரீகளின் புஸ்தகங்களை வாங்காது விட்டதனால் தோன்றும் மயக்கமோ என்று ஐயுற்று, புஸ்தக வியாபாரிகளின் பத்திரிகையைக் கொண்டும் சோதித்துப் பார்த்தனர். வீழ்ச்சி அங்கும் காணப்பட்டது.

தேதிகளைச் சற்று ஒப்பிட்டுப் பார்ப்போம். 1870-ல் சம்பாத்திய உரிமை, 1882-ல் சொத்துரிமை, 1918-ல் முப்பது வயது கடந்த ஸ்திரீகளுக்கு வோட்டு, 1928-ல் புருஷருக்குச் சமமான வோட்டு. சட்டம் ஒவ்வொரு கதவாகத் திறந்துகொண்டிருந்த அதே காலத்தில் நாவலில் ஸ்திரீகள் வகித்த இடம் சுருங்கிக்கொண்டிருந்தது. எந்தப் பார்லிமெண்டும் இதைத் தீர்மானிக்கவில்லை. எந்த நீதிபதியும் உத்தரவிடவில்லை.

காரணம் யாது? கே டக்மன் என்ற சமூகவியல் அறிஞர் மாக்மில்லன் கம்பெனியின் பழைய தஸ்தாவேஜுகளைப் பரிசோதித்து 1989-ல் எழுதிய நூல் ஒரு விடை தருகிறது. நாவலுக்கு மதிப்பில்லாத வரையில் ஸ்திரீகள் அதில் தாராளமாக உழைத்தனர். பணமும் புகழும் அதில் உண்டென்று தெரிந்த பின்னர் புருஷர்கள் திரளாகப் புகுந்தனர். புகுந்தபின், உயர்ந்த நாவல் எது, தாழ்ந்த நாவல் எது என்ற இலக்கணத்தையும் அவர்களே வகுத்தனர். வேறு தொழில்களும் வேறு வகை எழுத்துக்களும் ஸ்திரீகளுக்குத் திறந்தமையால் நாவலை விட்டு அகன்றவரும் உண்டு என்பதை மறுப்பதற்கில்லை. ஆயினும் தரிசாய்க் கிடந்த நிலத்தைத் திருத்தியவள் ஒருத்தி, விளைச்சல் கண்டபின் பட்டா பெற்றவர் வேறொருவர் என்ற டக்மனின் சித்திரமே நமக்கு உண்மைக்கு நெருங்கியதாகத் தோன்றுகிறது.

எழுதுவோர் குறைந்ததோடு நஷ்டம் நிற்கவில்லை. அந்த 2018-ம் வருஷ ஆராய்ச்சி கதாபாத்திரங்களையும் அளந்தது. ஸ்திரீகள் எழுதிய கதைகளில் ஆண் பாத்திரத்துக்கும் பெண் பாத்திரத்துக்கும் கிடைக்கும் இடம் ஏறக்குறையச் சமம். புருஷர் எழுதியவற்றிலோ பெண் பாத்திரங்களுக்குக் கிடைப்பது சுமார் மூன்றிலொரு பங்கு. ஆகவே ஆசிரியைகள் குறையக் குறைய, கதைக்குள் வாழ்ந்த ஸ்திரீகளும் குறைந்தனர்.

வர்ஜினியா ஊல்ப் அம்மையார் கேம்பிரிட்ஜ் பெண்கள் கலாசாலைகளில் பிரசங்கம் செய்தது 1928 அக்டோபரில். சம வோட்டுரிமை சட்டமாகி மூன்றே மாதம் ஆகியிருந்தது. ஸ்திரீ நாவல் எழுதுவதற்கு வருஷம் 500 பவுன் வருமானமும் பூட்டிக்கொள்ளத்தக்க அறையும் வேண்டுமென்று அவர் வாதித்தார். அப்பிரசங்கங்களே மறுவருஷம் புஸ்தகமாயின. அவருக்கே 1917 முதல் கணவருடன் நடத்திய சொந்த அச்சகம் இருந்தது. எந்தப் பிரசுரகர்த்தருடைய பெட்டியிலும் அவருடைய பிரதி உறங்க வேண்டியதில்லை. பிற்காலத்தில் இவ்வழியைப் பின்பற்றியோர் உளர். 1973-ல் லண்டனில் கார்மென் காலில் அம்மையார் நிறுவிய 'விராகோ' பிரசுராலயம், அச்சில் இல்லாது மறைந்துபோன ஸ்திரீகளின் நாவல்களை 1978 முதல் வரிசையாக மறுபதிப்புச் செய்தது. 1986-ல் டேல் ஸ்பெண்டர், ஆஸ்டினுக்கு முற்பட்ட நூறு ஆசிரியைகளைப் பற்றி நூல் வெளியிட்டார். தாழ்ந்த பங்கு மீண்டும் ஏறத் தொடங்கியதும் ஏறக்குறைய இக்காலத்திலேதான். 1991-ம் வருஷத்தில் 'புக்கர்' பரிசின் இறுதிப் பட்டியலில் ஒரு ஸ்திரீயின் பெயரேனும் இல்லாது போகவே, ஸ்திரீகளுக்கென்றே தனிப் பரிசு ஏற்படுத்த முயற்சி பிறந்து, 1996-ல் அது முதன்முறையாக வழங்கப்பட்டது.

1997-ல் லண்டனில் சிறுவர்களுக்கான மாயாஜாலக் கதையொன்று அச்சுக்குச் சென்றது. எழுதியவர் பெண் என்று தெரிந்தால் பையன்கள் வாசிக்கமாட்டார்களோ என்று பிரசுரகர்த்தர்கள் அஞ்சினர். அவர்கள் யோசனைப்படி ஜோவன் ரௌலிங் என்ற பெயர் ஜே. கே. ரௌலிங் என்று முகப்பில் அச்சாயிற்று. கோடிக்கணக்கான பிரதிகள் விற்று உலகப் புகழ் பெற்ற அதே அம்மையார் 2013-ல் துப்பறியும் நாவல் ஒன்றை வெளியிட்டபோது வைத்துக்கொண்ட பெயர் ராபர்ட் கால்பிரெய்த்.