‘பேட்டன்ட் வாங்கிய பொருளா?’ பணம் கட்டும் முன் பதிவேட்டைப் பாருங்கள்!

வேலூர், ஆம்பூர் பகுதியில் தோல் தொழிற்சாலைக் கழிவுநீரால் உப்பேறிய நிலங்கள் ஏராளம். ‘இந்த மண்ணைத் திருத்த காப்புரிமை பெற்ற மருந்து’ என்று ஒரு வியாபாரி கணியம்பாடிக்கு வந்து நின்றால், நம்புவதா, வேண்டாமா? நிலக்கடலை உடைக்கும் இயந்திரமானாலும் இதே கேள்விதான். கடனை வாங்கிப் பணம் கட்டும் முன், அரசுப் பதிவேட்டை செல்போனிலேயே பார்த்துவிடலாம். கட்டணம் கிடையாது.

மனு வேறு, உரிமை வேறு

2016 முதல் இந்தியாவில் காப்புரிமை மனுக்களுக்கு 12 இலக்க எண் தரப்படுகிறது. முதல் நான்கு இலக்கம் ஆண்டைக் குறிக்கும். ஐந்தாவது, மனு பதிவான அலுவலகம்: 1 என்றால் டெல்லி, 2 மும்பை, 3 கொல்கத்தா, 4 சென்னை. தமிழ்நாட்டு மனுக்கள் சென்னை கிண்டி அலுவலகத்தைச் சேர்ந்தவை.

ஒருவர் 12 இலக்க எண்ணைக் காட்டி ‘பேட்டன்ட் இருக்கிறது’ என்றால், அது மனு எண் மட்டுமே. பட்டா கேட்டு மனு கொடுத்த ரசீது பட்டா ஆகுமா? அதுபோலத்தான் இதுவும். உரிமை கிடைத்த பிறகு தருவது வேறு எண். அதைக் கேட்டு வாங்குங்கள். இல்லாத காப்புரிமையை இருப்பதாகச் சொல்லி விற்பது, காப்புரிமைச் சட்டத்தின் 120-வது பிரிவின்படி அபராதத்துக்கு உரியது.

தேடுவது எப்படி?

* ‘ஐ.பி. இந்தியா’ என்று கூகுளில் தேடி, மத்திய அரசின் அறிவுசார் சொத்து அலுவலகத் தளத்துக்குச் செல்லுங்கள். காப்புரிமைப் பகுதியில் ‘இன்பாஸ்’ என்ற தேடல் பக்கம் இருக்கும்.
* ‘வெளியிடப்பட்டவை’, ‘வழங்கப்பட்டவை’ என்ற பொருளில் ஆங்கிலத்தில் இரண்டு கட்டங்கள் இருக்கும். இரண்டையும் டிக் செய்யுங்கள்.
* மனு எண் தெரிந்தால் அதையே போடுங்கள். தெரியாவிட்டால் நிறுவனத்தின் பெயர் அல்லது பொருளின் பெயரைக் கொண்டு தேடலாம். தமிழில் தேடினால் கிடைக்காது. நிலக்கடலைக்கு ‘கிரவுண்ட்நட்’, ‘பீனட்’ என இரண்டு ஆங்கிலச் சொற்களையும் போட்டுப் பாருங்கள்.
* மனு எண்ணைத் தொட்டால் விவரமும், இப்போதைய நிலையும் தெரியும். உரிமை வழங்கப்பட்டிருந்தால், அது நடப்பில் இருக்கிறதா என்று மின்பதிவேட்டில் பாருங்கள்.

தோல் பதனிடுதல், கழிவுநீர் சுத்திகரிப்பு பற்றித் தேடுவோருக்கு ஒரு குறிப்பு: சென்னை அடையாறு மத்திய தோல் ஆராய்ச்சி நிலையத்தின் கண்டுபிடிப்புகள், அதன் தாய் அமைப்பான சி.எஸ்.ஐ.ஆர். பெயரில் பதிவாகியிருக்கும்.

சாதாரணமாக, மனு போட்ட 18 மாதத்துக்குப் பிறகே விவரம் வெளியாகும். அதனால் புதிய மனுக்கள் தேடலில் வராமல் இருக்கலாம். காப்புரிமையின் ஆயுள் 20 ஆண்டு. இடையில் புதுப்பிப்புக் கட்டணம் கட்டாவிட்டால் காலாவதியாகும். மீட்பதற்கான அவகாசமும் முடிந்துவிட்டால், அந்த நுட்பத்தை யார் வேண்டுமானாலும் பயன்படுத்தலாம்.

காப்புரிமை தரச்சான்று அல்ல

‘இது புதியது’ என்பதற்குத்தான் காப்புரிமை. மகசூல் கூடும் என்பதற்கோ, பயிருக்குக் கெடுதல் இல்லை என்பதற்கோ அது உத்தரவாதம் ஆகாது. பூச்சிமருந்து என்றால் மத்திய பூச்சிக்கொல்லி வாரியப் பதிவு எண் இருக்கிறதா என்று தனியாகப் பார்க்க வேண்டும்.

மஞ்சளை மீட்ட கதை

காயத்துக்கு மஞ்சள் வைப்பது நம் வீட்டுப் பழக்கம். அதற்கு 1995-ல் அமெரிக்காவின் மிசிசிப்பி பல்கலைக்கழக மருத்துவ மையம் காப்புரிமை வாங்கியது. சி.எஸ்.ஐ.ஆர். பழைய நூல்களிலிருந்தும் ஆய்விதழ்களிலிருந்தும் 32 ஆதாரங்களைத் திரட்டிக் கொடுக்க, 1997-ல் அந்த உரிமை ரத்தானது. வேப்பெண்ணெய் பூஞ்சணக்கொல்லிக்கு ஐரோப்பாவில் தரப்பட்ட காப்புரிமை 2000-ல் ரத்தாகி, 2005-ல் அந்தத் தீர்ப்பு உறுதியானது.

இந்தியச் சட்டத்தின் 3-வது பிரிவின்படி சாகுபடி முறைக்கோ, பாரம்பரிய அறிவுக்கோ, விதைக்கோ காப்புரிமை கிடையாது. பயிர் ரகங்களுக்கு 2001-ம் ஆண்டின் பயிர் ரகப் பாதுகாப்பு மற்றும் உழவர் உரிமைச் சட்டம் தனியாக உள்ளது. தன் விளைச்சலிலிருந்து விதை எடுத்து வைக்கவும், மறுபடி விதைக்கவும், மாற்றிக்கொள்ளவும் அச்சட்டம் விவசாயிக்கு உரிமை தருகிறது.

உங்கள் ஊரில் காலங்காலமாகச் செய்துவரும் ஒன்றை யாராவது ‘புதுக் கண்டுபிடிப்பு’ என்று மனு போட்டிருப்பது தேடலில் தெரிந்தால், உரிமை வழங்கப்படும் முன் யாரும் எழுத்துமூலம் ஆட்சேபிக்கலாம். அதற்கான படிவம் 7ஏ. மனு வெளியாகி குறைந்தது ஆறு மாதம் கழித்துத்தான் உரிமை வழங்க முடியும். அதற்குள் தேதியுடன் கூடிய பழைய புத்தகம், வேளாண் பல்கலைக்கழக வெளியீடு, பத்திரிகைச் செய்தி ஆகியவற்றைத் திரட்டுங்கள். வாய்வார்த்தையைவிட அச்சில் உள்ள ஆதாரம் வலுவானது.

கல்லூரியில் படிக்கும் பிள்ளை வீட்டில் இருந்தால், அடுத்த முறை வியாபாரி வரும்போது எண்ணைக் குறித்துக்கொடுத்துத் தேடச் சொல்லுங்கள். முன்பணம் கொடுப்பதை அதன் பிறகு வைத்துக்கொள்ளலாம்.