கூத்து குடிபெயரும், திடலும் கூட வருமா?

பதுளைக்குப் போகும் புகையிரதம் தெமோதரை நிலையத்தை விட்டதும் மலையை ஒரு சுற்றுச் சுற்றி இறங்கி, அதே நிலையத்துக்கு அடியில் உள்ள சுரங்கத்தில் நுழைகிறது. அருகே 1921இல் முடிந்த ஒன்பது வளைவுப் பாலம். இந்த மரபுரிமையைப் பார்க்க உலகமே வருகிறது. ஆனால் சுற்றியுள்ள தேயிலைத் தோட்டங்களில் வாழும் மலையகத் தமிழரிடம் இன்னொரு மரபுரிமை உண்டு. அது நடமாடுவது.

ஏன் நடமாடுகிறது?

தொழிலாளர் வசிக்கும் லயம் எனும் வரிசை வீடு தோட்டத்துக்குச் சொந்தம். வேலை போனால் கூரையும் போகும் என்பதே நெடுங்கால நிலை. 1948ஆம் ஆண்டு இலங்கைக் குடியுரிமைச் சட்டம் இம்மக்களின் குடியுரிமையைப் பறித்தது. 1964ஆம் ஆண்டு சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் இவர்களில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப முடிவுசெய்தது. நிலம் கைக்கு எட்டாத மக்கள், கட்டடம் கேட்காத கலைகளைக் காப்பாற்றிக்கொண்டார்கள்.

எப்படி இயங்குகிறது?

காமன் கூத்தைப் பாருங்கள். மாசி அமாவாசை கழிந்ததும் திடலில் காமன் ஊன்றுவார்கள். ரதியும் மதனும் விரதமிருந்து, தப்பு முழங்க லயம் லயமாக ஆடி வருவார்கள். பௌர்ணமியை ஒட்டிக் காமன் தகனம். அரங்கு, திரை எதுவும் வேண்டாம். பாட்டு வாத்தியாரின் நினைவில் இருக்கிறது. தோட்டம் மாறினாலும் அடுத்த மாசியில் கூத்து நடக்கும்.

மலையக மக்கள் இலங்கைக்கு வந்து 200 ஆண்டுகள் ஆனதை ‘மலையகம் 200’ என்று 2023இல் நினைவுகூர்ந்தபோதும் நடையே வழியானது. ஜூலை 28 தொடங்கி ஓகஸ்ட் 12 வரை, தலைமன்னாரிலிருந்து மாத்தளைக்கு முன்னோர் வந்த பாதையில் நடந்தார்கள்.

இப்போது என்ன கேள்வி?

2014 ஒக்டோபர் 29 அன்று, இதே பதுளை மாவட்டத்தின் மீரியபெத்தையில் மண்சரிவு லயங்களைப் புதைத்தது. தப்பியவர்களுக்குப் பூணாகலைப் பகுதியில் 75 வீடுகள் கட்டி 2016இல் கையளித்தார்கள். தோட்ட வீட்டுத் திட்டங்களில் குடும்பத்துக்கு 7 பேர்ச் காணி என்பது அப்போது பழகிய அளவாக இருந்தது. லயத்திலிருந்து தனிவீட்டுக்குப் போவது நியாயமான உரிமை. அதில் இரண்டு கருத்து இல்லை.

ஆனால் லயத்து முற்றம் வெறும் முற்றமல்ல. கல்யாணம், சாவு, திருவிழா, கூத்து எல்லாவற்றுக்கும் அதுவே பொது இடம். காணியைக் குடும்பம் குடும்பமாக வேலி போட்டுப் பிரித்தபின் அந்த இடம் தானாக உருவாகாது. கூத்தைத் தோளில் தூக்கிப் போகலாம். திடலைத் தூக்க முடியாது.

ஆகவே புதிய குடியிருப்புக்குக் காணி அளக்க வரும் அதிகாரிகள், வீடுகளுக்கு முளையடிக்குமுன் கோயிலுக்கும் கூத்துக்குமான பொதுத்திடலை வரைபடத்தில் குறிக்க வேண்டும். அது எங்கே அமைய வேண்டும் என்பதைத் தோட்டத்து மக்களிடமே கேட்க வேண்டும்.