பதினாறு வாக்குகள் எங்கே போயின?

சென்ற தவணையின் தொடக்கத்தில் நாம் ஒரு பிழை செய்தோம். பிழையென்று அறியாது செய்ததனால் அது மன்னிக்கத்தக்கது என்று நமது மனைவி கூறுகிறார். நமது மாணவர் அவ்வாறு கருதவில்லை.

மலைநாட்டுக் கல்லூரி ஒன்றில் நாம் கற்பித்து வருகிறோம். நமது வகுப்பில் மாணவர் 40 பேர். அவர்களுள் 24 பேர் பட்டணத்துப் பிள்ளைகள். மற்றை 16 பேரும் சுற்றியுள்ள தோட்டங்களிலிருந்து விடியற் பனியிலே பஸ் ஏறி வருபவர்கள். மாணவர் மன்றத்திற்கு இவ்வகுப்பிலிருந்து மூன்று பிரதிநிதிகள் வேண்டியிருந்தனர். “ஒவ்வொருவரும் மூன்று பெயர்களை எழுதுக, கூடிய வாக்குப் பெறும் மூவர் தெரிவாவர்” என்று விதி வகுத்தோம். இதனினும் நேர்மையான விதி வேறு உண்டோ என்று அப்பொழுது எண்ணினோம்.

சீட்டுக்களை எண்ணியபோது பட்டணத்துப் பிள்ளைகள் மூவருக்கும் தலைக்கு 24 வாக்குகள். தோட்டத்துப் பிள்ளைகள் மூவருக்கும் தலைக்கு 16. ஆகவே மூன்று இடமும் பட்டணத்திற்கே சென்றன. கைதட்டல் ஓய்ந்தபின் கடைசி வாங்கிலிருந்து ஒரு பையன் எழுந்தான். “சேர், நாங்கள் பதினாறு பேரும் வாக்களித்தோம். அந்த வாக்குகள் எல்லாம் எங்கே போயின?” என்று கேட்டான்.

பெரும்பான்மை என்றும் ஜனநாயகம் என்றும் ஏதோ சொல்லி அவனை இருத்தினோம். அவன் இருந்தான், ஆயினும் அவனுடைய கேள்வி இருக்கவில்லை. அன்றிரவு விடைத்தாள் திருத்த அமர்ந்தபோதும் அது நம்மெதிரே வந்து நின்றது.

பத்தில் நான்கு பங்கினர் மூன்றில் ஓர் இடமேனும் பெறாது போனமைக்கு அவர்களது குறை காரணமன்று. விதியின் குறையே காரணம். ஒரே தொகுதியார் எல்லா இடங்களையும் வாரிக் கொள்ளுமாறு நாமே விதியை அமைத்து விட்டோம். நாட்டிலும் இத்தகைய வேடிக்கைகள் நிகழ்ந்திருக்கின்றன. 1970ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் நாடு முழுவதிலும் கூடிய வாக்குகளைப் பெற்ற ஐக்கிய தேசியக் கட்சிக்கு 17 ஆசனங்களே கிடைத்தன. அதனினும் சற்றுக் குறைந்த வாக்குகளைப் பெற்ற ஸ்ரீலங்கா சுதந்திரக் கட்சிக்கு 91 ஆசனங்கள். 1977இல் சக்கரம் மறுபுறம் சுழன்றது. வாக்குகளில் பாதிக்குச் சற்று மேல் பெற்ற ஐக்கிய தேசியக் கட்சி 168 ஆசனங்களில் 140ஐப் பெற்றது. அஃதாவது ஆறில் ஐந்து பங்கு. நூற்றுக்கு ஏறக்குறைய 30 வாக்குப் பெற்ற சுதந்திரக் கட்சிக்கு எட்டே எட்டு. நூற்றுக்கு ஏழும் பெறாத தமிழர் விடுதலைக் கூட்டணிக்கோ 18. அதன் வாக்குகள் வடக்கிலும் கிழக்கிலும் செறிந்து கிடந்தமையே காரணம். எத்தனை வாக்கு என்பதைவிட அவை எங்கே கிடக்கின்றன என்பதே பெரிதாகி விட்டது.

மலைநாட்டாருக்கு இக்கணக்கு வெறும் ஏட்டுக் கணக்கன்று. 1931இல் சர்வசன வாக்குரிமை வந்தபோது அட்டன் தொகுதி பெரி சுந்தரத்தை அரசாங்க சபைக்கு அனுப்பியது. அவர் மந்திரியாகவும் விளங்கினார். 1936இல் அதே தொகுதி கோ. நடேசய்யரைத் தெரிந்தது. 1947இல் இலங்கை இந்தியன் காங்கிரசின் சார்பில் எழுவர் பாராளுமன்றம் புகுந்தனர். நுவரெலியாவிலிருந்து சௌமியமூர்த்தி தொண்டமான், தலவாக்கலையிலிருந்து கவிஞர் சி. வி. வேலுப்பிள்ளை, கொட்டகலையிலிருந்து கே. குமாரவேலு, மஸ்கெலியாவிலிருந்து ஜி. ஆர். மோத்தா ஆகியோர் அவ்வெழுவரிற் சிலர். அடுத்து வந்தவை 1948, 1949ஆம் ஆண்டுகளின் பிரஜாவுரிமைச் சட்டங்களும் தேர்தற் திருத்தச் சட்டமும். தோட்ட மக்களிற் பெரும்பாலோரின் பெயர்கள் இடாப்பிலிருந்து மறைந்தன. 1952இல் அக்காங்கிரசின் சார்பில் ஒருவரும் தெரிவாகவில்லை. தொண்டமான் 1960இலும் 1965இலும் நியமன அங்கத்தவராகச் சபையில் அமர்ந்தார் என்பது உண்மையே; ஆயினும் நியமனம் வேறு, தெரிவு வேறு.

1964ஆம் ஆண்டு ஒப்பந்தத்தின் பின்னர் ஒரு பகுதியினருக்குப் பிரஜாவுரிமையும் அதனோடு வாக்கும் சிறுகச் சிறுக மீண்டன. இந்நிலையிலேதான் 1976ஆம் ஆண்டின் தொகுதி நிர்ணய ஆணைக்குழு நுவரெலியா–மஸ்கெலியா என்னும் ஒரு தொகுதியை அமைத்து, அதற்கு மூன்று அங்கத்தவர் என்று வகுத்தது. பல சமூகத்தார் கலந்து வாழும் இடங்களில் இத்தகைய பல அங்கத்தவர் தொகுதிகள் முன்னரும் இருந்தன. 1947 முதல் மூன்று அங்கத்தவரை அனுப்பி வந்த கொழும்பு மத்தி அவற்றுட் பெயர் பெற்றது.

இங்கே வாக்காளர் ஒருவருக்கு மூன்று வாக்குகள். இம்மட்டில் நமது வகுப்பு விதியும் அதுவும் ஒன்றே. வேறுபாடு ஒன்றே ஒன்றுதான்: விரும்பினால் மூன்று வாக்குகளையும் ஒரே அபேட்சகருக்கு அளிக்கலாம். வாக்கைக் குவித்தல் என்று இதனைக் கூறுவோம். இச்சிறு சலுகை கணக்கையே தலைகீழாக்கி விடுகிறது. வாசகர் இங்கு ஒரு காகிதத் துண்டையும் பென்சிலையும் எடுத்துக்கொள்ளுதல் நலம்.

நமது வகுப்பின் 16 பேரும் மூன்று வாக்குகளையும் ஒருவனுக்கே இட்டால் அவனுக்கு 48. பட்டணத்துப் பிள்ளைகள் 24 பேரிடம் உள்ளவை 72 வாக்குகள். அவற்றை மூவருக்குச் சமமாகப் பங்கிட்டால் தலைக்கு 24; இருவருக்குப் பங்கிட்டால் தலைக்கு 36. எப்படிப் பங்கிடினும் மூவரையும் 48க்கு மேல் ஏற்றவியலாது. அவர்களுக்கு இரண்டு இடம், இவர்களுக்கு ஓரிடம். பதினாறும் வேண்டியதில்லை, 11 பேர் இருப்பினும் போதும். 11 பேரின் வாக்குகள் 33. எஞ்சிய 29 பேரின் 87 வாக்குகளை மூவருக்குப் பங்கிட்டால் தலைக்கு 29தான் வரும். பத்துப் பேரானால் இருபுறமும் 30க்கு 30 என்று சமனாகி விடும். ஆகவே மூன்று இடமுள்ள தொகுதியில் நாலில் ஒரு பங்கிற்குச் சற்று மேற்பட்டவர்கள் ஒற்றுமையாய் நின்றால் ஓரிடத்தை எவராலும் பறிக்கவியலாது.

1977 யூலை 21ஆம் திகதி நடந்த தேர்தலில் நுவரெலியா–மஸ்கெலியா தெரிந்த மூவரைப் பாருங்கள். முதலாவது ஐக்கிய தேசியக் கட்சியின் காமினி திசாநாயக்க. இரண்டாவது சுதந்திரக் கட்சியின் அநுர பண்டாரநாயக்க. மூன்றாவது இலங்கைத் தொழிலாளர் காங்கிரசின் தொண்டமான். நாடெங்கும் ஒரே கட்சியின் வெள்ளம் புரண்டோடிய அந்த ஆண்டில் இந்த ஒரு தொகுதி மூன்று வேறு கட்சியினரை அனுப்பியது. சுதந்திரக் கட்சிக்கு நாடு முழுவதிலும் கிடைத்த எட்டு ஆசனங்களுள் ஒன்று இது. 1947க்குப் பின் முப்பது வருடங்கள் கழித்து மக்கள் வாக்கினால் தொண்டமான் சபை புகுந்ததும் இதனாலேயே. ஓர் அங்கத்தவர் தொகுதியாக இருந்திருப்பின் முதலாமவர் ஒருவரோடு கதை முடிந்திருக்கும். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலத்திலும் 1870 முதல் 1980 வரை மூன்று அங்கத்தவர், மூன்று வாக்கு, குவிக்கும் உரிமை என்ற இதே ஏற்பாடு இருந்தது என்பதை வரலாற்று மாணவர் குறித்துக்கொள்ளலாம்.

நம் நாட்டில் அந்த ஏற்பாடு நிலைக்கவில்லை. 1978ஆம் ஆண்டின் அரசியலமைப்பு விகிதாசாரப் பிரதிநிதித்துவத்தைக் கொண்டுவந்தது. அதன்படி முதற் பொதுத் தேர்தல் 1989 பெப்ரவரி 15ஆம் திகதி நிகழ்ந்தது. நாடு 22 தேர்தல் மாவட்டங்களாயிற்று. 196 பேர் மாவட்டங்களிலிருந்தும் 29 பேர் தேசியப் பட்டியலிலிருந்தும் வருகின்றனர். கணக்கு பின்வருமாறு. மாவட்டத்தில் நூற்றுக்கு ஐந்து வாக்கும் பெறாத கட்சிகள் முதலிற் கழிக்கப்படும். தொடக்கத்தில் இவ்வெல்லை எட்டில் ஒரு பங்காக இருந்து 1988இற் குறைக்கப்பட்டது. முதலிடம் பெற்ற கட்சிக்கு ஓர் ஆசனம் வெகுமதி. எஞ்சிய ஆசனங்களின் எண்ணால் எஞ்சிய வாக்குகளை வகுக்க, ஓர் ஆசனத்தின் விலை தெரியும்.

எட்டு ஆசனமுள்ள மாவட்டத்தில், கணக்குக்காக, மூன்று கட்சிகள் முறையே 170,000, 105,000, 75,000 வாக்குகள் பெற்றதாகக் கொள்வோம். மொத்தம் 350,000. வெகுமதி போக ஆசனம் ஏழு. விலை 50,000. முதற் கட்சிக்கு மூன்று, இரண்டாவதற்கு இரண்டு, மூன்றாவதற்கு ஒன்று. மீதி ஓர் ஆசனம், கையில் அதிக மிச்ச வாக்கு உடையவருக்குச் செல்லும். இங்கே 25,000 மிச்சமுள்ள மூன்றாங் கட்சிக்கு. வெகுமதியையும் கூட்ட 4, 2, 2. நுவரெலியா மாவட்டத்தின் எட்டு ஆசனங்கள் 2024 நவம்பரில் தேசிய மக்கள் சக்திக்கு ஐந்து, ஐக்கிய மக்கள் சக்திக்கு இரண்டு, ஐக்கிய தேசியக் கட்சிக்கு ஒன்று என்று பிரிந்தன. மூன்று கட்சிகளிலும் மலையகத் தமிழர் தெரிவாயினர்.

இம்முறையிற் குறையில்லையோ எனின், உண்டு. வெகுமதி ஆசனம் விகிதாசாரம் என்ற சொல்லோடு ஒட்டாத ஒன்று என்பது நமது கருத்து. விருப்பு வாக்கு மற்றொரு தலைவலி. கட்சிக்கு ஒரு வாக்கு, அக்கட்சியின் பட்டியலில் மூவருக்கு மூன்று விருப்பு வாக்குகள். இலக்கங்களை மனனம் செய்வது நமது வீடுகளிற் தேர்தற் கால விளையாட்டாகவே மாறியுள்ளது. தாய் ஓர் இலக்கத்தையும் தந்தை வேறோர் இலக்கத்தையும் சொல்ல, பிள்ளை மூன்றாவதைத் திருத்துவான். இதனால் ஒரே சின்னத்தில் நிற்போர் எதிர்க் கட்சியாரை விட்டுத் தம்முள் மோதுகின்றனர். சுவரொட்டிகளைப் பார்த்தாலே இது விளங்கும்.

இவற்றினும் பெரிய குறை வேறு. நுவரெலியாவில் நம்மவர் பாதிக்கு மேல். எந்த முறையிலும் சிலர் வருவர். இரத்தினபுரி, கேகாலை, களுத்துறை, மாத்தளை முதலிய மாவட்டங்களிலோ தோட்டங்கள் சிதறிக் கிடக்கின்றன. அங்கே ஓர் ஆசனத்தின் விலையை அவர்கள் தனித்துக் கொடுப்பது எளிதன்று. பெரிய கட்சியின் பட்டியலில் இடம் கேட்டு நிற்க வேண்டும். (உள்ளூராட்சி மன்றங்களில் 2018 முதல் வட்டாரமும் பட்டியலும் கலந்த முறை ஒன்று உண்டு; அது வேறொரு ஞாயிற்றுக்கிழமைக்கு உரியது.)

வகுப்புக்குத் திரும்புவோம். பழைய தெரிவை ரத்துச் செய்து, வாக்கைக் குவிக்கலாம் என்ற புதிய விதியோடு மறுபடியும் தேர்தல் நடத்தினோம். பட்டணத்துப் பிள்ளைகள் முணுமுணுத்தனர். கணக்கைக் கரும்பலகையில் எழுதிக் காட்டியபின் அவர்களிற் சிலரே அதனை ஆதரித்துப் பேசியது நமக்கு மகிழ்ச்சி தந்தது.

ஆனால் தோட்டத்துப் பிள்ளைகள் ஒருவனை நிறுத்தவில்லை, இருவரை நிறுத்தினர். ஒருவன் மேற்பிரிவு, மற்றவன் கீழ்ப்பிரிவு. மாரியம்மன் கோயில் திருவிழாவிற்குக் குழு அமைக்கும்போது பிரிவுக்கு ஒருவர் என்று பெரியவர்கள் எளிதாக முடித்து விடுவார்கள். இங்கே இடம் ஒன்று, பிரிவு இரண்டு. முடிவு 29, 26, 23, 22, 20 என்று வந்தது. பட்டணத்தார் இருவர் 29ம் 23ம் பெற்று வென்றனர். மேற்பிரிவுப் பையன் 26 பெற்று வென்றான். 22 பெற்றுத் தோற்றவன் கீழ்ப்பிரிவுப் பையன்; முதல் நாள் எழுந்து கேள்வி கேட்டவனும் அவனே. பட்டணத்துப் பிள்ளைகள் 72 வாக்குகளையும் 25, 24, 23 என்று பிரித்து, தோட்டத்தார் 22, 22 என்று பிரித்து நாலு வாக்கைச் செல்லாததாக்கியிருந்தால் இருவருமே தோற்றிருப்பர். குவிக்கும் முறையின் ஆபத்து இதுவே: யாரை நிறுத்துவது, எப்படிப் பங்கிடுவது என்று முன்கூட்டியே கட்டுப்பாடு வேண்டும்.

அக்கட்டுப்பாடின்றியும் நியாயம் பெற ஒரு வழி உண்டு. ஆங்கிலேயரான தாமஸ் ஹெயர் 1859இல் அதனை நூலாக எழுதினார். அயர்லாந்தின் பாராளுமன்றம் இன்றும் அம்முறையிற் தெரிவாகிறது. வாக்காளர் பெயர்களுக்கு நேரே 1, 2, 3 என்று விருப்ப வரிசை இடுவர். நமது சனாதிபதித் தேர்தற் சீட்டில் இடுவது போன்றதே. 2024 செப்டெம்பரில் இரண்டாம் விருப்பங்கள் முதன்முறையாக எண்ணப்பட்டதை வாசகர் மறந்திரார். வேறுபாடு யாதெனில், இங்கே பலர் தெரிவாவர். தமிழ்நாட்டுச் சட்டசபை அங்கத்தவர் 234 பேரும் வாக்களித்து, இராச்சிய சபைக்கு ஒரு தடவையில் அறுவரைத் தெரியும்போது 34 வாக்குகள் பெற்றவர் வென்றவராவார். அறுவருக்கு ஏழாக வகுத்து அடுத்த முழு எண். நமது வகுப்பிலோ மூவருக்கு நாலாக வகுத்து அடுத்த எண், 11.

முதல் விருப்பத்தில் மேற்பிரிவுப் பையனுக்கு 9, கீழ்ப்பிரிவுப் பையனுக்கு 7 வந்தாலும் கவலையில்லை. 7 பெற்றவன் விலக்கப்படும்போது அவனுடைய சீட்டுக்கள் எறியப்படுவதில்லை. அவற்றில் இரண்டாவதாகக் குறித்த பெயருக்குச் செல்லும். அது மற்றப் பையனாயின் 16. தேவை 11. வென்றவருக்குத் தேவைக்கு மிஞ்சிய வாக்குகளும் இவ்வாறே அடுத்தவருக்குப் பகிரப்படும்.

இதனைக் கரும்பலகையில் விளக்கி முடித்தபோது கீழ்ப்பிரிவுப் பையன் எழுந்து, “அப்படியானால் அடுத்த தவணை நாங்கள் இருவரும் நிற்கலாம் அல்லவா, சேர்?” என்றான். நிற்கலாம் என்றோம். முன் வாங்கிலிருந்த பட்டணத்துப் பெண்பிள்ளை ஒருத்தி, தன் மூன்றாம் விருப்பத்தை அவனுக்கு இடலாமா என்று கேட்டாள். தாராளமாக இடலாம் என்றோம். மிச்ச வாக்குகளைப் பகிர்ந்து எண்ண எத்தனை மணி நேரமாகும், கடைசி பஸ்ஸுக்கு முன் முடியுமா என்று மூன்றாவது ஒருவன் கேட்டான். அதற்குத்தான் நம்மிடம் விடை இருக்கவில்லை. கணித ஆசிரியரைக் கேட்டிருக்கிறோம்.