பதிவேட்டில் ஏறும் முன் பெயரை விசாரியுங்கள்

ஆண் குழந்தைக்கு ‘ஆரவ்’ என்று பெயர் வைப்பது இப்போது ஊரெங்கும் பரவியிருக்கிறது. பெயர்ப் பட்டியல்களைப் புரட்டினால் ‘அமைதியானவன்’ என்று அதற்குப் பொருள் போட்டிருக்கிறார்கள். வடமொழியில் ‘ஆரவ’ என்றால் ஒலி, கூச்சல். ‘கியாரா’ இன்னும் சிக்கல். ஐரிஷ் பெயரின் வழி வந்தது என்று கொண்டால் கருமை. இத்தாலியப் பெயரின் வழி என்றால் ஒளி. எந்த வழி என்றே சொல்லாத பட்டியலை நம்பி ஒரு பிள்ளைக்கு ஆயுள் முழுக்கப் பெயர் சூட்டுவது எனக்குச் சம்மதமில்லை.

அவசரத்துக்குப் பாதிக் காரணம் நட்சத்திர எழுத்து. திருவாதிரைக்கு ‘கு, க, ங, ச’ என்று கொடுக்கிறார்கள். ‘ங’வில் தொடங்கும் பெயருக்குத் தமிழில் எங்கே போவது? கிடைத்த எழுத்துக்குள் புதிதாக ஒன்றைத் தேடும்போதுதான், யாரோ புனைந்த பெயரும் புனைந்த பொருளும் வீட்டுக்குள் வந்துவிடுகின்றன.

மருத்துவமனையில் படிவத்தை நீட்டிப் பெயர் கேட்டால் பதற வேண்டாம். பிறப்பு, இறப்புப் பதிவுச் சட்டம் 1969-இன்படி பிறப்பை 21 நாளுக்குள் தெரிவித்தால் போதும்; பெயர் இல்லாமலே பதியலாம். பெயரை 12 மாதம் வரை கட்டணமின்றியும், அதற்குப் பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்துடனும் சேர்க்கலாம். இந்த அவகாசம் உங்கள் உரிமை.

அதற்குள் விசாரித்துவிடுங்கள். தமிழ்ப் பெயர் என்றால் சென்னைப் பல்கலைக்கழகத்தின் தமிழ் லெக்சிகனைப் பாருங்கள். இணையத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. ‘இலக்கியப் பெயர்’ என்று யாராவது சொன்னால் எந்த நூல், எந்தப் பாத்திரம் என்று கேளுங்கள். ‘ஆதிரை’ அப்படிக் கேட்டால் நிற்கும் பெயர்: மணிமேகலையின் அமுதசுரபியில் முதல் பிச்சை இட்டவள் அவள். புதிதாக ஆக்கிய பெயரும் அழகுதான். அதைப் பழம்பெயர் என்று சொல்லி ஏமாற்றுவதுதான் தவறு. வடமொழிப் பெயருக்கு மோனியர் வில்லியம்ஸ் அகராதி இருக்கிறது. அரபுப் பெயரை அம்மொழி படித்தவரிடம் காட்டுங்கள். ‘அப்துல்’ தனியாக நின்றால் பொருள் முடியாது. ‘அப்துல் ரஹ்மான்’ என்று சேரும்போதுதான் ‘அருளாளனின் அடியார்’ ஆகிறது.

பதிவான பிறகு மாற்றுவது எளிதல்ல. எழுத்துப்பிழை என்றால் சட்டத்தின் 15-ஆம் பிரிவின்கீழ் பதிவாளர் திருத்துவார். ‘பொருள் சரியில்லை’ என்பது அவர் கணக்கில் பிழை ஆகாது. பிறகு அரசிதழில் பெயர்மாற்ற அறிவிப்பு, ஆதார், பள்ளிப் பதிவு, பாஸ்போர்ட் என்று ஒவ்வொன்றாக அலைய வேண்டும். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பள்ளிச் சேர்க்கை, பாஸ்போர்ட் உள்ளிட்டவற்றில் பிறந்த தேதிக்கும் இடத்துக்கும் பிறப்புச் சான்றிதழே ஆதாரம் என்பதால், அதில் ஏறும் பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் எழுத்தெழுத்தாகச் சரிபாருங்கள். எண்கணிதத்துக்காக ஆங்கிலத்தில் கூட்டிய ஒரு ‘ஏ’, ஓர் ஆவணத்தில் விட்டுப்போனாலும் பின்னால் அந்தப் பிள்ளைதான் அலையும்.

காசு வாங்கிக்கொண்டு பெயர் தருபவர்களிடம் ரசீது கேளுங்கள். பொருளையும் மூலத்தையும் எழுத்தில் வாங்குங்கள். சொன்ன சேவை கிடைக்காவிட்டாலோ விளம்பரம் பொய்யாக இருந்தாலோ, நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019-இன்கீழ் புகார் செய்யலாம். தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. ரசீது இல்லாமல் கொடுத்த பணத்துக்குப் புகாரை நிரூபிப்பதுதான் பெரும்பாடு.